துடைப்பக்காரம்மா

மத்திகிரி சவரியம்மாவுக்குப் பத்தொன்பது வயதிலேயே தலை நரைத்துவிட்டது. நரைக்க வைத்த புண்ணியவான் கங்கப்பன். ஓசூரில் நாடகக் கம்பெனி நடத்திக்கொண்டிருந்தவர். அவருடைய கம்பெனியில் கிழவி வேஷம் கட்டிக்கொண்டிருந்த அம்மாள், ஊத்தங்கரையில் ஆட்டம் தொடங்கப் போகிற நேரத்தில், மிருதங்கக்காரனோடு சேலத்து பஸ்ஸில் ஏறிப் போய்விட்டாள். கங்கப்பன் நரைமுடி டோப்பாவைக் கையில் வைத்துக்கொண்டு சுற்றுமுற்றும் பார்த்தார். தோழி வேஷத்துக்குக் கன்னத்தில் சிவப்புத் தடவிக்கொண்டு நின்ற சவரியம்மாதான் அகப்பட்டாள்.

"இன்னிக்கு ஒரு நாளைக்கு மட்டும்மா" என்று சொல்லி, டோப்பாவை அவள் தலையில் கவிழ்த்தார்.

அந்த ஒரு நாள் அப்புறம் முடியவே இல்லை. அன்றைக்கு மாமியாராக வந்து அவள் போட்ட சத்தத்தில் முன்வரிசைக் குழந்தைகள் அலறிக்கொண்டு தாய் மடியில் முகம் புதைத்தன. கங்கப்பனுக்கு வாயெல்லாம் பல். மறுநாளே தோழி வேஷத்துக்கு வேறு பெண்ணைப் பார்த்துவிட்டார்.

சவரியம்மாவின் அப்பா அதே கம்பெனியில் ஆர்மோனியம் வாசித்தவர். பிறந்ததிலிருந்து படுதாவுக்குப் பின்னால் வளர்ந்தவள் என்பதால் எல்லா வேஷத்தின் வசனமும் அவளுக்குத் தலைகீழ்ப் பாடம். தமிழில் கேட்டால் தமிழ், தளி பக்கம் போனால் கன்னடம், சூளகிரி பக்கம் போனால் தெலுங்கு. இத்தனை இருந்தும் கிடைத்ததென்னவோ மாமியார், சித்தி, கோள் சொல்கிற பக்கத்து வீட்டுக்காரி, நாடு விடுதலையான வருஷம் ஒரு வெள்ளைக்காரத் துரைசாணி. துரைசாணிக்கும் வேலை அதேதான். கவுன் மாட்டிக்கொண்டு, பட்லரைக் கண்டபடி திட்ட வேண்டும். நோட்டீஸில் கதாநாயகி பெயர் கொட்டை எழுத்தில் வரும். ராஜபார்ட் பெயர் வரும். ஆர்மோனியப் பெட்டி வாசிக்கிற அப்பாவின் பெயர்கூட வரும். சவரியம்மா 'மற்றும் பலர்'. அதைப் பார்க்கும்போதெல்லாம் அவளுக்குப் பற்றிக்கொண்டு வரும். பலர் என்று போட்டால் ஒருத்தி எப்படிப் பலராவாள்?

"எனக்கு ஒரு வேசம் குடுங்க, அழுவுற வேசம்" என்று அவள் கேட்காத மாதமில்லை.

"சும்னிரு தாயி" என்பார் கங்கப்பன். வாயை மூடு என்பதைக் கன்னடத்தில் சொன்னால் கோபம் வராது என்பது அவர் எண்ணம். "உன் தொண்டைக்கு நீ அழுதா ஜனம் எழுந்து ஓடிரும். நீ திட்டு. அதுக்குத்தான் ஜனம் வருது."

கல்யாணமும் இந்த டோப்பாவிடம் மாட்டிக்கொண்டது. மத்திகிரி மாட்டுப்பண்ணையில் பால் கறக்கிற யாகப்பன், மாதா கோயிலில் பூசை முடிந்து வந்த சவரியம்மாவைப் பார்த்துப் பிடித்துப்போய்ப் பெண் கேட்டான். அவனுடைய சித்தி குறுக்கே விழுந்தாள். "நாடகத்துல நானே ரெண்டு கண்ணால பாத்தேன்டா. அம்பது வயசு பொம்பளைய எதுக்குடா கட்டிக்கப் போற?" என்று ஒரே கூப்பாடு. கடைசியில் சாமியார் ஞானஸ்நானப் பதிவைப் பார்த்து வயது சொன்ன பிறகுதான் கோயிலில் கல்யாண ஓலை வாசித்தார்கள். யாகப்பன் நல்லவன். அதிகம் பேசமாட்டான். ஆட்டத்துக்கு அவளைக் கூட்டிப் போய், முடிகிற வரை வெளியே பீடி பிடித்துக்கொண்டிருந்து, கூட்டி வருவான். ஒரு நாடகத்தையும் முழுதாகப் பார்த்ததில்லை. "நீ அடி வாங்குனா பாக்க முடியாது. நீ அடிச்சாலும் பாக்க முடியாது" என்பான்.

இதோடு போயிருந்தாலும் பரவாயில்லை. சிங்காரப்பேட்டை பக்கத்து ஊர் ஒன்றில் நடந்ததுதான் அவளை ஒரேயடியாகக் கவிழ்த்தது.

அந்தப் பக்கத்து ஊர்களில் திரௌபதி அம்மனுக்குப் பாரதம் படித்து, கூத்து விட்டு, கடைசி நாளில் துரியோதனனை மண்ணால் நீளமாகப் படுக்க வைத்து வதம் செய்வார்கள். அப்போது காந்தாரி வேஷக்காரர் துடைப்பமும் முறமும் எடுத்துக்கொண்டு ஒப்பாரி வைத்தபடி சுற்றி வருவார். எதிர்ப்பட்டவர்களுக்கெல்லாம் அடி விழும். அந்த அடியை ஜனங்கள் முதுகு கொடுத்து வாங்குவார்கள். பிடித்த பீடை விலகும், காய்ச்சல் போகும், பிள்ளையில்லாதவளுக்குப் பிள்ளை உண்டாகும் என்று நம்பிக்கை. கூத்தில் அது சரி. அங்கே வேஷம் கட்டியவர் விரதம் இருந்திருப்பார், சாமி கும்பிட்டிருப்பார்.

கங்கப்பன் செய்த காரியம், பாரதம் முடிந்த அடுத்த வாரமே அதே திடலில், அதே பந்தலில், தன் சமூக நாடகத்தைக் கொண்டுபோய் வைத்தது. பந்தல் செலவு மிச்சமாம். இரண்டாம் காட்சியில் மாமியார் சவரியம்மா துடைப்பத்தை ஓங்கிக்கொண்டு மருமகளைத் துரத்துகிறாள். முன்வரிசையிலிருந்து ஒரு பெண் எழுந்தாள். வெள்ளையம்மா என்று பெயர். கல்யாணமாகிப் பல வருஷமாகியும் வயிறு திறக்காதவள். மேடையில் ஏறி, முந்தானையை இழுத்துச் செருகி, சவரியம்மாவுக்கும் மருமகளுக்கும் நடுவில் முதுகைக் காட்டிக் குனிந்து நின்றுவிட்டாள்.

சவரியம்மாவுக்கு உச்சந்தலையில் ஏறியது. வசனத்தில் சரியான இடம் அது. "போய் உக்காருடி!" என்று பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னாள். வெள்ளையம்மா அசையவில்லை. ஆத்திரத்தில் சவரியம்மா துடைப்பத்தால் ஒன்று வைத்தாள். வெள்ளையம்மா கையெடுத்துக் கும்பிட்டுவிட்டு இறங்கினாள். அவ்வளவுதான். பின்னால் ஒரு கிழவர். அவருக்குப் பின்னால் காய்ச்சல் பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு ஒருத்தி. அப்புறம் வரிசை. மருமகள் வேஷக்காரி ஓரமாக உட்கார்ந்து வெற்றிலை போட ஆரம்பித்தாள். அன்று நாடகம் மூன்றாம் காட்சிக்குப் போகவே இல்லை.

அடுத்த வருஷம் வெள்ளையம்மாவுக்கு ஆண் குழந்தை பிறந்து தொலைத்தது. குழந்தை நன்றாக இருக்கட்டும், அதன் மேல் சவரியம்மாவுக்கு என்ன வருத்தம்? ஆனால் அந்தக் குழந்தை பிறந்த நாளோடு நடிகை சவரியம்மா செத்தாள், துடைப்பக்காரம்மா பிறந்தாள். நாட்றாம்பாளையத்திலிருந்து மலையிறங்கி ஆள் வந்தது. காவேரிப்பட்டணத்திலிருந்து வந்தது. யாரும் என்ன நாடகம் என்று கேட்கவில்லை. துடைப்பம் உண்டா என்றுதான் கேட்டார்கள். நோட்டீஸில் பெயர் வர வேண்டும் என்று ஏங்கினாளே, வந்தது. கதாநாயகிக்கும் மேலே, கொட்டை எழுத்தில், 'கைராசி துடைப்பக்காரம்மாள் பங்குகொள்ளும்' என்று. அதைப் பார்த்துவிட்டு அவள் அன்றைக்குச் சோறே தின்னவில்லை.

"நான் வேதக்காரி முதலாளி. ஞாயித்துக்கிழமையானா பூசைக்குப் போறவ. எந்தக் கையில என்னா ராசி இருக்குதுன்னு இவங்க குனியுறாங்க?"

"அம்மனுக்கு வேதக்காரி, இந்துன்னு பேதம் ஏதம்மா?" என்றார் கங்கப்பன். அவருக்குக் கொட்டகை நிறைந்தால் போதும்.

கோயில் சாமியாரும் சும்மா விடவில்லை. "ஊருக்கெல்லாம் நீ ஆசீர்வாதம் குடுக்குறியாமே, எனக்கு இங்க வேலை இல்லையா?" என்று கேட்டார். மத்திகிரிச் சந்தையில் கத்தரிக்காய் வாங்கப் போனால், காய்க்காரி காயைப் போட்டுவிட்டு முதுகைத் திருப்பினாள். சவரியம்மா பையை வீசிவிட்டு வந்துவிட்டாள். அடித்தால் சாமி, அடிக்காவிட்டால் கர்வக்காரி. இதில் நடிப்பு எங்கே இருக்கிறது? பெண்கள் எப்படி நடக்கிறார்கள், கோபத்தை எப்படி விழுங்குகிறார்கள், துக்கம் வந்தால் கையை எங்கே வைத்துக்கொள்கிறார்கள் என்று சிறு வயதிலிருந்து பார்த்துப் பார்த்துச் சேர்த்து வைத்ததெல்லாம் ஒரு விளக்குமாற்றுக்கு முன்னால் ஒன்றுமில்லாமல் போயிற்று.

கடைசியில் ஒரு நாள் கங்கப்பனிடம் முடிவாகச் சொன்னாள்: "ஒரே ஒரு ஆட்டம். அழுவுற வேசம். மேடையில துடைப்பம் இருக்கக் கூடாது. இல்லன்னா நான் இனிமே வரல. நீங்களே டோப்பா மாட்டிக்கிட்டு நீங்களே அடிங்க."

கங்கப்பன் பயந்துபோனார். புதிதாக எழுதி வைத்திருந்த நாடகத்தில் குருட்டுத் தாய் வேஷத்தை அவளுக்குக் கொடுத்தார். மகன் கோலார் தங்கவயலுக்கு வேலைக்குப் போய்ச் சுரங்கத்தில் இறந்துபோகிறான். தாயிடம் யாரும் சொல்வதில்லை. வருகிறவர்களெல்லாம் "அடுத்த மாசம் வருவான், பண்டிகைக்கு வருவான்" என்று பொய் சொல்கிறார்கள். அவளுக்குத் தெரியும். தெரிந்தும் கேட்டுக்கொண்டிருக்கிறாள். கங்கப்பன் அந்தக் காட்சிக்கு நான்கு பக்கம் புலம்பல் எழுதியிருந்தார். சவரியம்மா அதை முழுக்க அடித்துவிட்டாள்.

"கண்ணு தெரியாதவ துக்கத்த வாயால சொல்ல மாட்டா முதலாளி. கைக்கு ஒரு வேலை குடுத்துக்கிட்டு உக்காந்திருப்பா."

என்ன வேலை கொடுப்பது என்று வீட்டில் பல நாள் யோசித்தாள். பூக் கட்டிப் பார்த்தாள், சரிவரவில்லை. கீரை ஆய்ந்து பார்த்தாள். கடைசியில் ராகி புடைத்துப் பார்த்தபோதுதான் சரியாக வந்தது. ஆள் வந்து பொய் சொல்கிறபோது முறம் நிற்கும். சொல்லிவிட்டுப் போனதும் மறுபடி ஆடும். ஒவ்வொரு பொய்க்கும் கொஞ்சம் வேகம் குறையும். கடைசிப் பொய்யில் ராகி முழுதும் மடியில் சரிந்து கொட்டும், அவள் வெறும் முறத்தைப் புடைத்துக்கொண்டிருப்பாள். யாகப்பனை எதிரில் உட்கார வைத்துச் செய்து காட்டினாள். அவன் பாதியில் எழுந்து வெளியே போனான். பீடிக்குப் போனானோ என்று அவளுக்கு எரிச்சல் வந்தது. திரும்பி வந்தபோது அவன் கண் சிவந்திருந்தது.

இந்த நேரத்தில்தான் சேலத்திலிருந்து படமெடுக்கிற ஆள் ஒருவர் நாடகம் பார்க்க வருவதாகக் கடிதாசி போட்டிருந்தார். கிருஷ்ணப்பன் என்று பெயர். "சவரியம்மாளைப் பார்க்க வேண்டும்" என்றே எழுதியிருந்தாராம். சவரியம்மாவுக்குக் கால் தரையில் பாவவில்லை. சினிமாவில் கிழவி வேஷம்தான் கிடைக்கும், அதனாலென்ன? பத்து வரி பேசுகிற கிழவியாக இருந்தாலும் அதைப் படம் பிடித்துவிட்டால் யார் மேடையேறிக் குனிய முடியும்? திரைக்குள் கை நீட்டித் துடைப்பம் எடுக்க முடியுமா? ஒரு தடவையாவது ஒரு வேஷத்தை முழுசாக, கடைசி வரைக்கும், யாரும் குறுக்கே வராமல் நடித்துவிட வேண்டும். அவள் கேட்டது அவ்வளவுதான்.

கிருஷ்ணகிரிச் சந்தைத் திடலில் ஆட்டம். சவரியம்மா முதலிலேயே போய் மேடை, படுதா, பெட்டி எல்லாவற்றையும் சோதித்து, கூட்டிப் பெருக்குகிற துடைப்பத்தைக்கூடத் தன் கையாலேயே பக்கத்து வீட்டில் கொடுத்துவிட்டு வந்தாள். முன்வரிசை நாற்காலியில் பட்டு ஜிப்பாவோடு கிருஷ்ணப்பன் உட்கார்ந்திருந்தார். பெட்ரோமாக்ஸ் வெளிச்சத்தில் அவருடைய மோதிரம் மின்னியது.

காட்சி தொடங்கியது. நரைத்த தலையோடு, கண்ணை ஓரிடத்தில் நிறுத்தி, சவரியம்மா உட்கார்ந்தாள். முறத்தை எடுத்தாள்.

அடப் பாவமே! துடைப்பத்தை மட்டும் நினைத்து நினைத்து, முறத்தை மறந்துவிட்டாளே. காந்தாரி கையில் துடைப்பத்தோடு முறமும் உண்டே. துடைப்பக்காரம்மா இன்றைக்கு முறத்தால் போடப் போகிறாள் என்று கூட்டத்தில் ஒரு சலசலப்பு எழுந்தது. முதல் பொய் சொல்கிற ஆள் வருவதற்குள், கெம்பம்மா என்கிற வேப்பனப்பள்ளிக்காரி மேடையில் ஏறிவிட்டாள். அவளுக்குப் பின்னால் திடலில் ஏழெட்டுப் பேர் எழுந்து முந்தானையைச் செருகிக்கொண்டு நின்றார்கள்.

கெம்பம்மா குனிந்தாள். சவரியம்மாவுக்கு முறத்தாலேயே ஓங்கி ஒன்று வைத்து, எல்லோரையும் பேர் பேராகத் திட்டி, டோப்பாவைக் கழற்றிக் கங்கப்பன் முகத்தில் எறிந்துவிட்டு வீட்டுக்குப் போய்விடலாம் போலிருந்தது. கை ஓங்கக்கூட ஓங்கியது. ஆனால் எதிரில் நிற்கிறவளைப் பார்க்கக் கூடாதே. தான் குருடியாயிற்றே. வீம்புதான், வேறென்ன? இந்த வேஷத்தை விடமாட்டேன் என்கிற வீம்பு. ஓங்கிய கையைத் தாழ்த்தி, காற்றில் துழாவி, கெம்பம்மாவின் முதுகைத் தொட்டாள். முதுகிலிருந்து தோளுக்கு, தோளிலிருந்து கன்னத்துக்குக் கை போயிற்று.

"யாரும்மா? தங்கவயல்ல இருந்து வரியா? எம்பையனப் பாத்தியா?"

கெம்பம்மா திகைத்துப் போனாள். அடி விழும் என்று கண்ணை மூடிக்கொண்டிருந்தவள் மெல்லத் தலையை நிமிர்த்தி, அந்தக் கண் தெரியாத முகத்தைப் பார்த்தாள். பார்த்தபடியே இருந்தாள். அப்புறம் சவரியம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு, "வருவான்மா. நல்லாத்தான் இருக்குறான். வந்துருவான்மா, நீ அழுவாத" என்றாள்.

சவரியம்மா தலையை ஆட்டினாள். முறம் மறுபடி ஆடியது. கீழே எழுந்து நின்றவர்கள் ஒவ்வொருவராக உட்கார்ந்தார்கள். பொய் சொல்ல வேண்டிய நடிகர்கள் ஒவ்வொருவராக வந்து சொல்லிவிட்டுப் போனார்கள். ராகி மடியில் சரிந்தபோது திடலில் ஒரு பிள்ளைகூட அழவில்லை. கெம்பம்மா மேடை ஓரத்திலேயே உட்கார்ந்து மூக்கைச் சிந்திக்கொண்டிருந்தாள். படுதா விழுந்தது.

சவரியம்மா வாழ்க்கையில் அவ்வளவு சந்தோஷப்பட்டதில்லை. வேஷத்தைக் கலைக்காமலேயே படுதாவுக்குப் பின்னால் காத்திருந்தாள். கிருஷ்ணப்பன் வந்தார். கையைப் பிசைந்தார். சுற்றுமுற்றும் பார்த்தார்.

"அம்மா, வரிசையா ரெண்டு படம் படுத்துருச்சு. வீடு அடமானத்துல இருக்குது. இப்ப ஒண்ணு ஆரம்பிக்கப் போறேன். உங்க கைராசிய ஊரெல்லாம் சொல்றாங்க. அதுக்குத்தான் இத்தனை தூரம் வந்தேன்." ஜிப்பாவைத் தூக்கிவிட்டு முதுகைக் காட்டினார். பக்கத்து வீட்டில் கொடுத்து வைத்த துடைப்பம் எப்படியோ கங்கப்பன் கையில் தயாராக இருந்தது.

"நடிப்பு?" என்றாள் சவரியம்மா. "என் நடிப்பு எப்பிடி இருந்துச்சு?"

"அதெல்லாம் பிரமாதம்மா" என்றார் கிருஷ்ணப்பன், குனிந்தபடியே. "சீக்கிரம் போடுங்க, பஸ்ஸுக்கு நேரமாச்சு."

போட்டாள். கைராசிக்காக அல்ல. இத்தனை வருஷத்துக்கும் சேர்த்துப் போட்டாள். கங்கப்பன் வந்து கையைப் பிடித்து நிறுத்த வேண்டியிருந்தது. கிருஷ்ணப்பன் முதுகைத் தடவிக்கொண்டு, வெகு திருப்தியாகக் கும்பிட்டுவிட்டுப் போனார். சவரியம்மா டோப்பாவைக் கழற்றிப் பெட்டியின் மேல் வைத்தாள். அதற்கப்புறம் அவள் மேடை ஏறவில்லை. கங்கப்பன் எத்தனையோ தடவை மத்திகிரிக்கு வந்து கெஞ்சினார். ஒவ்வொரு தடவையும் யாகப்பன் வாசலிலேயே நிறுத்தி மோர் கொடுத்து அனுப்பினான்.

கிருஷ்ணப்பனின் படம் ஓடு ஓடென்று ஓடியது. அந்த மனுஷனுக்கு முதுகு வலித்ததற்குப் பலன். ஓசூர் டெண்ட் கொட்டகைக்கு அது வந்தபோது யாகப்பன் டிக்கெட் வாங்கிக்கொண்டு வந்து நின்றான். அவள் வரமாட்டேன் என்றாள். பண்ணையில் எல்லோரும் பார்த்துவிட்டு வந்து அழுகிறார்கள், என்னதான் இருக்கிறது என்று பார்த்துவிட்டு வரலாம் என்று அவன் இழுத்துக்கொண்டு போனான்.

இடைவேளை முடிந்து சிறிது நேரத்தில் அது வந்தது. ஒரு குருட்டுத் தாய். கையில் முறம். மகன் தங்கவயலில் இறந்துவிட்டான். வருகிறவர்கள் பொய் சொல்கிறார்கள். முறம் நிற்கிறது, ஆடுகிறது. முன்பின் தெரியாத ஒரு கிராமத்துப் பெண் வந்து குனிகிறாள். தாயின் கை அவள் முதுகில் ஏறி, தோளுக்குப் போய், கன்னத்தைத் தடவுகிறது. "வருவான்மா, நல்லாத்தான் இருக்குறான்" என்கிறாள் அந்தப் பெண். கெம்பம்மாவின் வார்த்தையைக்கூட விட்டுவைக்கவில்லை. மதராஸிலிருந்து வந்த பெரிய நடிகை, முறத்தைச் சாமி படத்தைப் பிடிப்பதுபோல் நெஞ்சோடு பிடித்துக்கொண்டிருந்தாள். கொட்டகை முழுக்க விசும்பல்.

யாகப்பன் மெதுவாகத் திரும்பினான். "சவரி, இது..."

"தெரியுது."

திருட்டுப் பயல். குனிய வந்தவன் எல்லாவற்றையும் பார்த்திருக்கிறான். வேண்டியதை எடுத்துக்கொண்டான், அவளை மட்டும் விட்டுவிட்டுப் போனான். எழுந்து கத்த வேண்டும் போலிருந்தது. யாரிடம் கத்துவது? அந்த வெள்ளைத் துணியிடமா? அத்தனை ஆத்திரத்துக்கு நடுவிலும் திரையில் ராகி சரிந்தபோது அவளுக்கும் கண்ணீர் வந்துவிட்டது. தன் காட்சிக்குத் தானே அழுகிறோமே என்று அதற்கும் சேர்த்து எரிச்சல் வந்தது.

முன்னால் மணலில் உட்கார்ந்திருந்த ஒரு சின்னப் பெண் திரும்பிப் பார்த்தாள். இடுப்பில் கைக்குழந்தை. சவரியம்மாவை அடையாளம் கண்டுகொண்டு கண்ணை விரித்தாள். "துடைப்பக்காரம்மா!" என்றாள். அப்படியே முட்டி போட்டு நகர்ந்து வந்து, குழந்தையை மணலில் இறக்கிவிட்டு, முதுகைக் காட்டினாள்.

சவரியம்மா அந்த முதுகைப் பார்த்தாள். பிறகு அவள் தோளைப் பிடித்து, திரைப் பக்கமாகத் திருப்பி உட்கார வைத்தாள்.

"அடிக்க மாட்டேன்டி. உக்காரு. அந்தம்மாவப் பாரு. அது நான்."

பெண் திரையைப் பார்த்தாள். திரும்பி இவளைப் பார்த்தாள். "அவங்க வேற மாதிரி இருக்குறாங்களே?"

"முகம் வேற. மிச்சமெல்லாம் நான்தான். பாரு."

அந்தப் பெண் நம்பினாளோ என்னவோ, பெரியவள் சொன்னதற்காகத் திரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்தாள். சவரியம்மாவும் காட்சி முடிகிற வரை பார்த்தாள்.